ஜீவோனுக்கு வயது என்ன?

தங்கை மும்தாஜுக்கு முழங்காலில் அறுவை சிகிச்சை. கூட இருந்து பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும் என்பதற்காகத்தான் அமெரிக்கா போனேன். பனித்தரையில் பெண்பிள்ளைகள் மட்டையை வைத்துக்கொண்டு முட்டி மோதுவதைப் பார்க்கப் போகவில்லை. ஆனால் நாட்குறிப்பைப் புரட்டினால் பாதிப் பக்கம் அதுதான் இருக்கிறது.

நூவர்க் விமான நிலையத்தில் என் பெட்டியை ஒதுக்கி வைத்தார்கள். இடியாப்ப மாவு. வெள்ளைத் தூள், அதைக் கொண்டு வந்தவளோ தலையில் முக்காடு போட்டவள். கையுறை மாட்டிய அதிகாரி பொட்டலத்தை ஓரத்தில் கிழித்து, முகர்ந்து, இன்னொருவரை அழைத்து அவரையும் முகரச் சொன்னார். எனக்குக் கோபம் வரவில்லை. நாகூரில் ஒரு பெண்கள் பள்ளிக்குத் தலைமையாசிரியையாக இருக்கிறேன். அவர் இடத்தில் நான் இருந்திருந்தால் மிளகாய்த்தூளையும் பிரித்திருப்பேன்.

தங்கை வீடு பிளெய்ன்ஸ்பரோவில். அங்கே குடியிருப்புக் கட்டடங்கள் எல்லாம் ஒரே அச்சில் வார்த்தவை. வந்த மறுநாளே பால் வாங்கித் திரும்பும்போது அடுத்த கட்டடத்துக்குள் நுழைந்து, வேறு யார் வீட்டுக் கதவிலோ சாவியைப் போட்டுத் திருகிக்கொண்டிருந்தேன். கதவு உள்ளிருந்து திறந்தது. என் வயதை ஒட்டிய கொரியப் பெண்மணி ஒருவர் நின்றார். சாவியைப் பார்த்தார், முக்காட்டைப் பார்த்தார், என் மணிக்கட்டைப் பிடித்து மும்தாஜ் வீட்டு வாசல்வரை கூட்டிவந்து விட்டார். தன் மகள் ரிஹானாவின் தோழி ஜீவோனுடைய அம்மா என்று மும்தாஜ் சொன்னாள்.

"வீட்டுல ஆம்பளை யாரும் தெரியலையே?" என்று கேட்டேன்.

"அவரு சியோல்ல இருக்காரு லாத்தா. சம்பாரிச்சு அனுப்புறாரு. இவங்க இங்க இருந்து புள்ளையைப் படிக்க வைக்கிறாங்க."

"பெத்த புள்ளையைத் தூக்கிக்கிட்டு பொம்பளை தனியா வந்து உக்காந்திருக்கா. நம்புற மாதிரியா இருக்கு?"

"நம்ம வாப்பா பினாங்குல இருந்தப்ப உம்மா தனியா இல்லையா? கடல் தாண்டிச் சம்பாரிக்கப் போற நம்ம ஊர் சபுராளி வீட்டுக் கதைதான். இதுல கப்பல் ஏறுனது மட்டும் பொம்பளை."

அவள் சொன்னது சரிதான். சந்தேகம் மட்டும் அப்படியே இருந்தது.

ரிஹானா அங்கேயே பிறந்தவள். நாம் தமிழில் பேசினால் எல்லாம் புரியும், பதில் இங்கிலீஷில் வரும். (இந்தக் குறிப்பில் அவளும் மற்ற அமெரிக்கர்களும் பேசுவதை நான் தமிழாக்கித் தருகிறேன்.) அவளும் ஜீவோனும் ஒரே ஐஸ் ஹாக்கி அணி. பதினாறு வயதுக்கு உட்பட்ட பெண்கள். விளையாட்டு என்றதும் ரிஹானாவின் உடுப்பைப் பற்றித்தான் முதலில் பயந்தேன். மாட்டிக்கொண்டு வந்து நின்றாள்: தலைக்கவசம், முகத்துக்குக் கம்பிவலை, கழுத்துப்பட்டை, தோளிலிருந்து கணுக்கால்வரை திண்டு. எங்கள் தெருவில் எந்தப் பெண்ணும் இவ்வளவு மூடிக்கொண்டு வெளியே போனதில்லை.

"இதுல எனக்கு ஒரு ஆட்சேபணையும் இல்லை" என்றேன்.

"உள்ளே நாற்றம் தாங்காது பெரியம்மா" என்றாள் கம்பிக்குள்ளிருந்து.

ஜீவோன் ஆடுவதை முதல் பயிற்சியிலேயே பார்த்தேன். மற்றப் பிள்ளைகள் பனியைப் பார்த்துக்கொண்டே ஓடுவார்கள். அவள் நிமிர்ந்து ஓடுவாள். பந்துக்குப் பதிலான ரப்பர்த் தட்டு தன் மட்டையில்தான் இருக்கிறது என்பது அவளுக்குப் பார்க்காமலே தெரியும். ஏழு வயதில் சியோலில் பனிச்சறுக்குப் பந்தயத்தில் சேர்த்தார்களாம். அங்கே பயிற்சியாளர் அடித்தார் என்று விட்டுவிட்டு, பையன்களோடு ஹாக்கி பழகினாள். வளர்ந்த பெண்கள் ஆட அந்த நாட்டில் பேர் சொல்ல இருப்பது ஒரே அணி, நாட்டின் அணி. அதில் இடம் கிடைத்தால் உண்டு, இல்லாவிட்டால் மட்டையை மூலையில் சாத்த வேண்டியதுதான். அந்த அணிக்குப் போவதற்காகத்தான் தாயும் மகளும் இங்கே வந்து தவம் கிடக்கிறார்கள் என்றாள் ரிஹானா. அந்த வயதில் அந்த ஆட்டம் எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே பட்டது.

புத்தாண்டு அன்று பகல் அந்த வீட்டில் எங்களுக்கு விருந்து. முழங்கால் கட்டோடு மும்தாஜால் கார் ஓட்ட முடியாது என்பதால் அந்த நாட்களில் எங்களை எங்கேயும் கூட்டிப் போனவர் சுந்தர். சென்னைக்காரர், அவருடைய மகள் நித்யாவும் அதே அணி. அவர்களையும் அழைத்திருந்தார்கள். கிண்ணத்தில் சூப். அதில் பால் கொழுக்கட்டை மாவை உருட்டிச் சீவியதுபோல் வெள்ளை வில்லைகள். நான் கரண்டியைத் தொடவில்லை. எந்தக் கறியோ, எங்கே அறுத்ததோ. ஜீவோனின் அம்மா என் முகத்தைப் பார்த்துவிட்டு உள்ளே போய் ஒரு பொட்டலத்தை எடுத்துவந்து நீட்டினார். காய்ந்த நெத்திலி. வழக்கமாக மாட்டுக்கறியில் செய்வதை எங்களுக்காகக் கருவாட்டில் செய்திருக்கிறார். இரண்டு கிண்ணம் குடித்தேன். உப்பு மட்டும் குறைவு.

"இதைக் குடித்தால்தான் இந்த வருஷத்து வயது கூடும் என்று எங்கள் ஊரில் சொல்வார்கள்" என்றாள் ஜீவோன், எழுந்து அடுப்படிக்குப் போய்க்கொண்டே. விருந்தில் பேசும் ஒப்புக்கான பேச்சு என்று நினைத்து, நானும் ஒப்புக்கு அவள் அம்மாவிடம் கேட்டேன்: மகளுக்கு இப்போது வயது எத்தனை?

பத்து விரலை விரித்தார். பிறகு ஏழு. "செவன்டீன்" என்றார் பெருமையாக.

சுந்தர் என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன்.

காரில் ஏறிக் கதவைச் சாத்தியதும் ஆரம்பித்தார். "டீச்சர், கேட்டீங்கல்ல?"

"கேட்டேன்."

"டீம்ல பதினஞ்சுன்னு ரெஜிஸ்டர் பண்ணியிருக்காங்க. அண்டர் சிக்ஸ்டீன் டீம் டீச்சர் இது. என் பொண்ணும் சென்டர் பொசிஷன், அவளும் சென்டர். ரெண்டு வருஷமா நித்யா பெஞ்ச்ல உக்காந்து தண்ணி பாட்டில் எடுத்துக் குடுக்கிறா. ஏன்னு இப்பத்தானே தெரியுது. நம்ம ஊர்ல பாக்காததா?"

"அந்தம்மாவுக்கு இங்கிலீஷ் அவ்வளவா வராது, விடுங்க சுந்தர்" என்றாள் மும்தாஜ்.

"நம்பர்லாம் நல்லா வரும்ங்க. கொரியன் கடையில பேரம் பேசுறதைப் பாத்திருக்கேன்."

நான் வழிநெடுக அதையே போட்டு உருட்டிக்கொண்டிருந்தேன். ஆண்டுக்கொரு தடவை மாவட்டப் போட்டிக்கு வயதுச் சான்றிதழில் கையெழுத்துப் போடுகிறவள் நான். தாலியை ரவிக்கைக்குள் ஊக்கால் குத்திக்கொண்டு பதினான்கு வயதுக்கு உட்பட்டோர் கோகோவுக்கு வந்த பெண்ணைக் கண்டுபிடித்திருக்கிறேன். சூப்புக் கணக்கில் ஒன்று கூட்டினாலும் பதினாறுதான் வரும். பதினேழு எங்கிருந்து வந்தது?

அந்த வாரக் கடைசியில் அணிக்கு டெக்சஸில் போட்டி. மும்தாஜின் கணவர் கபீர் மச்சான் வேலை நிமித்தம் பிளானோவில் இருந்ததால் நாங்களும் கிளம்பினோம். விமான நிலையத்தில் என்னை மறுபடி ஒதுக்கி நிறுத்தினார்கள். இந்தத் தடவை மாவு இல்லை, ஆள் மட்டும்தான். ரிஹானாவின் மட்டைப் பை எங்களோடு வராமல் அடுத்த விமானத்தில் வந்தது.

மச்சான் நல்ல மனிதர், ஆனால் பேசிக்கொண்டே ஓட்டுவார். பேச்சு சுவாரசியமானால் எக்ஸிட் தவறிவிடும். டோல்வேயில் திரும்ப வழி கிடையாது, அடுத்த எக்ஸிட் வரை போய்த்தான் வரவேண்டும். நாகூருக்குப் பதிலாக நாகப்பட்டினம் போய்த் திரும்புவதுபோல் இரண்டு தடவை போய்வந்தோம். வழியில் இந்தியக் கடை ஒன்றில் உறைந்த பரோட்டா வாங்கினார். உறையின் பின்பக்கத்தை முழுக்கப் படித்தபிறகுதான் கூடையில் போட விட்டேன்.

சனிக்கிழமை. வெளியே சட்டைக் கையை மடித்துவிடும் வெயில். கட்டடத்துக்குள் பல்லெல்லாம் கிடுகிடுத்தது. வெயில் ஊரில் கூரை போட்டுக் குளிரை அடைத்து வைத்திருக்கிறார்கள். நாங்கள் போய் உட்காரும்போதே ஏதோ சரியில்லை என்று தெரிந்தது. ஜீவோன் முழு உடுப்பில் பெஞ்சில் இருந்தாள். நடுவில் நின்றவள் நித்யா.

சுந்தர் காலையிலேயே அணியின் மேனேஜர் டெபியிடம் சொல்லியிருக்கிறார். டெபி என்னிடம் வந்தார். "பாஸ்போர்ட் நகல் என்னிடம் இருக்கிறது, அதில் பதினைந்துதான். ஆனால் தாயே பதினேழு என்று சொன்னதாகச் சொல்கிறார்கள். எதிரணி நாளைக்கு இதைக் கேள்விப்பட்டால் எங்கள் அணியே போட்டியிலிருந்து போகும், அவள் இந்தப் பருவம் முழுக்க ஆட முடியாது. நீங்கள் தலைமையாசிரியையாமே. நீங்களும் கேட்டீர்களா?"

கேட்டேன் என்றேன். கேட்டதை இல்லை என்று எப்படிச் சொல்வது?

"அப்படியானால் விசாரித்து முடிக்கும்வரை அவள் உட்காரட்டும்" என்று போய்விட்டார்.

பாஸ்போர்ட்டை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. என் பாஸ்போர்ட்டில் பிறந்த தேதி ஜூன் ஒன்று. எங்கள் வகுப்பில் பாதிப்பேர் அன்றைக்குத்தான் பிறந்தோம். பள்ளியில் சேர்த்த அன்று பெரிய வாத்தியார் பேனாவில் வந்த தேதி அது.

ஆட்டம் எங்களுக்கு எதிராகப் போனது. நித்யா பாவம், விழுந்து விழுந்து எழுந்தாள். ஒருமுறை பெஞ்சுக்குத் திரும்பும்போது தடுப்புக் கண்ணாடியருகே நின்ற தகப்பனிடம், "இப்போது சந்தோஷமா, டாட்?" என்று கத்தியது எங்கள் வரிசைவரை கேட்டது. சுந்தர் காதில் விழாததுபோல் கைதட்டினார்.

நாலு வரிசை தள்ளி, கறுப்புக் கோட்டுப் போட்ட கொரியப் பெண் ஒருத்தி தனியாக இருந்தாள். ஆடுகிற பிள்ளை யாரையும் அவள் கூப்பிடவில்லை. பெஞ்சையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள்மேலும் எனக்குச் சந்தேகம் வந்தது.

ஜீவோனின் அம்மா என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார். மகள் ஏன் ஆடவில்லை என்று அவருக்குச் சரியாகப் புரியவில்லை. புரிந்ததெல்லாம் நான் ஏதோ சொன்னேன் என்பது மட்டும். இருந்தும் எழுந்து போகவில்லை. இடைவேளையில் முன்வரிசையில் ஒரு வெள்ளைக்காரத் தாய் கைக்குழந்தையோடு திரும்பினார். துணிச்சுருளுக்குள் மூக்கு மட்டும் தெரிந்தது. ஜீவோனின் அம்மா சிரித்து, எப்போது பிறந்தது என்று கேட்டார். டிசம்பர் கடைசியில் என்றார் அந்தத் தாய்.

"ஓ! டூ!" என்று இரண்டு விரலைக் காட்டினார் ஜீவோனின் அம்மா.

"ஆமாம், இரண்டு வாரம்" என்றார் தாய்.

"நோ, நோ. டூ இயர்."

வெள்ளைக்காரத் தாய் வேடிக்கைப் பேச்சென்று சிரித்துவிட்டுத் திரும்பிக்கொண்டார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. தொப்புள்கொடி விழுந்த புண் ஆறியிருக்குமோ என்னவோ, அதற்கு இரண்டு வயதா? இந்தம்மா பொய்க்காரி என்றால் இதில் பொய் சொல்லி என்ன லாபம்?

ஆட்டத்தின் மிச்சத்தை நான் பார்க்கவில்லை. நம் ஊரிலும் பிறந்த குழந்தைக்கு ஒன்று நடக்கிறது என்றுதானே சொல்கிறோம். பதினைந்து முடிந்தவளுக்குப் பதினாறு நடக்கிறது என்போம், அதை யாரும் மோசடி என்பதில்லை. அப்படியானால் அந்தக் குழந்தைக்குப் பிறந்த அன்றே ஒன்று. புத்தாண்டு வந்ததும் இன்னொன்று. பிறந்தநாள் எந்த மாதம் என்பதே அவர்கள் கணக்கில் வருவதில்லை, ஊருக்கே ஒரே நாளில் வயது கூடுகிறது. ஜீவோனையும் இந்தக் கணக்கில் போட்டுப் பார்த்தேன். பதினாறு நடக்கிறவளுக்குப் புத்தாண்டுச் சூப்போடு பதினேழு, சரியாக உட்கார்ந்தது. ஆனால் சரியாக உட்காரும் கணக்குகளையும் நான் நம்புவதில்லை. சோதித்துப் பார்க்க வேண்டும்.

ஞாயிறு காலை ஆட்டத்துக்கு முன் டெபி எங்களைத் தின்பண்டக் கடையோரம் கூட்டினார். சுந்தர், நித்யா, ஜீவோனின் அம்மா, நான். ஜீவோன் வந்ததும் அவளைப் பரீட்சை மண்டபத்தில் செய்வதுபோல் எட்டத்தில், முதுகைக் காட்டி நிற்கச் சொன்னேன்.

"மொழிபெயர்க்க அவள் வேண்டாமா?" என்றார் டெபி.

"வேண்டாம். சொல்லிக் கொடுத்தார்கள் என்று நாளைக்கு இவரே சொல்வார்" என்று சுந்தரைக் காட்டினேன்.

பிறகு ஜீவோனின் அம்மாவிடம் என் பாஸ்போர்ட்டைத் திறந்து பிறந்த வருடத்தைக் காட்டி, "எனக்கு வயது எத்தனை?" என்றேன். மனசுக்குள் கூட்டி, என் வயதைவிட இரண்டு அதிகமாகச் சொன்னார். நித்யாவின் தோளைப் பிடித்து முன்னால் நிறுத்தினேன்.

"நித்யா பிறந்த வருஷம் சொல்லும்மா."

சொன்னாள். ஜீவோன் பிறந்த அதே வருடம்.

"இவளுக்கு?"

ஜீவோனின் அம்மா யோசிக்கவே இல்லை. பத்து விரல், பிறகு ஏழு. "சேம். செவன்டீன்."

"ஹலோ, என்னங்க இது!" என்றார் சுந்தர். "என் பொண்ணுக்குப் பதினஞ்சுதான். பர்த் சர்டிஃபிகேட் இருக்கு. இங்க எடிசன்ல பொறந்தவ!"

"அப்ப உங்க புள்ளையும் ரெண்டு வருஷத்தை மறைச்சுத்தான் ஆடுறாளா சுந்தர்? மேனேஜர்கிட்ட நான் சொல்லட்டுமா?"

நித்யாதான் முதலில் சிரித்தாள். "எனக்குப் பதினேழா? அப்படியானால் கார் லைசென்ஸ் வாங்கிக் கொடுங்கள் டாட்!" டெபிக்கு நான் சூப்பு, கைக்குழந்தை, இரண்டு விரல் எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னேன். எங்கள் ஊரிலும் பாதித்தூரம் இதே கணக்கு என்பதையும் சொன்னேன். அவர் நெற்றியில் அடித்துக்கொண்டார். ஜீவோனின் அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டார். அந்தம்மாவுக்கு எதற்கு என்று அப்போதும் முழுசாக விளங்கவில்லை, எல்லோருக்கும் தலையைக் குனிந்தார்.

சுந்தர் என்னிடம் தணிந்த குரலில், "இருந்தாலும் கேக்கிறதுல தப்பில்லையே டீச்சர்" என்றார்.

"கேக்கிறதுல தப்பில்லை. உங்களுக்குப் பாஸ்போர்ட்ல பொறந்த தேதி என்ன?"

"மே இருபத்தஞ்சு" என்றார். பிறகு தானே சிரித்துவிட்டார். "ஸ்கூல்ல குடுத்தது."

அன்றைக்கு ஜீவோன் ஆடினாள். இரண்டு கோல் அவளுடையது, ஒன்று அவள் தள்ளிக்கொடுத்து நித்யா அடித்தது. அந்த ஒன்றுக்குச் சுந்தர் தொண்டை கிழியக் கத்தினார். முந்தின நாள் தோல்வியால் அணி மேலே போக முடியவில்லை, அன்றோடு போட்டி முடிந்தது. கறுப்புக் கோட்டுப் பெண் இருந்த இடம் காலி.

கார் நிறுத்தும் இடத்தில் ஜீவோன் தன் பெரிய பையோடு அம்மாவுக்காகக் காத்திருந்தாள். நான் போய் அவளருகே நின்றேன். அந்தப் பெண் யார் என்று கேட்டேன்.

"சியோலில் எங்கள் நாட்டு அணியின் கோச். இங்கே ஆடும் கொரியப் பிள்ளைகளைப் பார்க்க வந்தார்கள். காலை விமானத்தில் போய்விட்டார்கள்."

"அப்ப நீ ஆடினதை அவங்க பார்க்கவே இல்லையா?"

"பார்த்தார்கள். விடிவதற்குள் பனித்தரை அரங்கின் ஆளைக் கெஞ்சிக் கதவைத் திறக்க வைத்தேன். நான் மட்டும் ஆடினேன், அவர்கள் கோட்டைக் கழற்றாமல் கோலருகே நின்றார்கள்." அவள் பையின் வாரை இறுக்கினாள். "நேற்று ஏன் உட்கார்ந்திருந்தாய் என்று கேட்டார்கள். எனக்குப் பதினேழு வயது என்று சந்தேகப்படுகிறார்கள் என்றேன். 'ஆமாம், பதினேழுதானே?' என்றார்கள்."

சிரித்துவிட்டேன். அவளும் சிரித்தாள்.

"பதினெட்டு ஆனதும் வந்து சேர் என்று சொல்லியிருக்கிறார்கள், ஆன்டி."

"யார் கணக்குல பதினெட்டு?"

"நானும் அதைத்தான் கேட்டேன். எங்கள் கணக்கில்தான். அடுத்த ஜனவரி."

"எழுதிக் கொடுத்தாங்களா?"

"இல்லை."

விமானம் ஏறுகிற அவசரத்தில் வாயால் சொன்ன பேச்சு, சியோல் போய்ச் சேருவதற்குள் மறந்துபோகும். பேர், விலாசம் வாங்கினாயா, ஒரு மின்னஞ்சலாவது அனுப்பி உறுதிப்படுத்தச் சொல் என்று நான் வரிசையாகச் சொல்லிக்கொண்டே போனேன். முடிக்கும்வரை பொறுமையாகக் கேட்டாள்.

"எழுதவில்லை ஆன்டி" என்றாள். "ஆனால் போகும்போது என் சட்டை அளவையும் கால் அளவையும் கேட்டுக்கொண்டு போனார்கள்."

பையின் இன்னொரு காதைப் பிடித்துத் தூக்கினேன். நல்ல கனம்.